'த புளொக்' 2022: ஏலம், வீடு, பரப்புக் கணக்கு பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யாழ்ப்பாணத்தில் வீட்டுப் பிளான் கீறிக் கொடுப்பது என் தொழில். மெல்பேர்ணிலோ சிட்னியிலோ ஒரு பிள்ளை இருக்கிற வீட்டுக்காரர் வந்தால், காணி உறுதிக்கு முன் போன்தான் வெளியே வரும். அதில் 'த புளொக்' என்ற அவுஸ்திரேலியத் தொலைக்காட்சி நிகழ்ச்சியின் ஒரு துண்டு ஓடும். பெரும்பாலும் 2022 சீசன்தான், அதுவும் கடைசி ஏலம். பிறகு எல்லாரும் ஒரே கேள்விகளையே கேட்கிறார்கள். அவற்றை, கேட்டவர்கள் கேட்டபடியே, இங்கே போட்டிருக்கிறேன்.

பிள்ளை, இது என்ன போட்டி? நல்லா வீடு கட்டுறவைக்குப் பரிசு குடுக்கிறதோ?

அவுஸ்திரேலியாவின் நைன் தொலைக்காட்சி 2003 இல் சிட்னியின் பொண்டாய் பகுதியில் தொடங்கிய நிகழ்ச்சி இது. 2004 உடன் நின்று, 2010 இல் ஸ்கொட் காம் தொகுப்பாளராக வர மறுபடி தொடங்கியது. 2022 இல் வந்தது 18 ஆவது சீசன். ஒரே இடத்தில் நாலைந்து வீடுகள் இருக்கும். ஒவ்வொன்றுக்கும் ஒரு சோடி: கணவன் மனைவி, நண்பர்கள், சகோதரிகள் என்று எப்படியும் இருக்கலாம். கிழமைக்கு ஒரு அறை என்ற கணக்கில் முடித்துக்கொண்டு போவார்கள். ஞாயிறு வந்தால் நடுவர்கள் பார்த்து மார்க் போடுவார்கள். எல்லா அறையும் முடிந்தபின் வீடுகள் ஏலத்தில் போகும்.

நன்றாகக் கட்டியவருக்குப் பரிசில்லை, கூட விலைக்கு விற்றவருக்குத்தான். இதை மனதில் போட்டுக்கொண்டால் கீழே உள்ள கேள்விகளில் பாதி கேட்கவே தேவையில்லை.

2022 இல எங்க நடந்தது? பார்க்கக் காடு மாதிரிக் கிடக்கு.

கிஸ்போர்ண் சவுத் என்ற இடம். மெல்பேர்ணுக்கு வடமேற்கே, இங்கிருந்து ஆனையிறவுக்குப் போகிற அளவு தூரம். நகரத்தை விட்டு மரம் செடியோடு வாழப் போகிறவர்களுக்கான வீடுகள் என்பதுதான் அந்த ஆண்டின் எண்ணம். அதனால்தான் சுற்றிவர வெளியாகத் தெரிகிறது.

ஒவ்வொரு வீட்டுக்கும் 10 ஏக்கர் காணி. எங்கள் கணக்கில் 160 பரப்பு. இரண்டு பரப்பு வளவுக்காக அண்ணன் தம்பி கோட்டுக்குப் போகிற ஊரிலிருந்து பார்க்கிறவர்களுக்கு முதலில் கண்ணில் படுவது வீடல்ல, அந்த வெளிதான்.

வீடு ஆரின்ர பேரில கிடக்கு? கட்டுறவைக்குச் சொந்தமோ?

இல்லை. காணியும் வீடும் நிகழ்ச்சி நடத்துபவர்களுடையவை. வேலைக்கும் தளபாடத்துக்கும் ஒரு தொகை கொடுப்பார்கள். மேசன், தச்சர், மின்வேலையாள் கூலியெல்லாம் அதற்குள் அடங்க வேண்டும். ஏலத்துக்கு முன் ஒவ்வொரு வீட்டுக்கும் 'இதற்குக் கீழே விற்பதில்லை' என்று ஒரு விலை வைப்பார்கள். இதைக் கீழ்விலை என்று எழுதிக்கொண்டு போகிறேன். கீழ்விலைக்கு மேல் போகிற தொகை அந்தச் சோடிக்கு. எல்லாரிலும் கூட இலாபம் எடுத்த சோடிக்கு மேலதிகமாக 100,000 டொலர் பரிசு.

வெண்ட பெடியளுக்கு நாப்பது கோடி கிடைச்சதெண்டுறாங்கள். உண்மையோ?

எங்கள் காசில் கிட்டத்தட்ட அவ்வளவுதான். வென்றவர்கள் ஓமர், ஓஸ் என்ற இரு நண்பர்கள். 2022 இல் ஐந்து வீட்டுக்கும் கீழ்விலை 4,080,000 டொலர். அவர்களுடையது 5,666,666.66 டொலருக்குப் போனது. ஆக இலாபம் 1,586,666.66. அதோடு பரிசு 100,000. மொத்தம் 1,686,666.66 டொலர். அந்த ஆண்டின் கடைசியில் ஒரு அவுஸ்திரேலிய டொலர் 240 ரூபாவை ஒட்டி நின்றது, பெருக்கிப் பாருங்கள். ஆனால் இந்த இலாபத்தில் அந்த நாட்டு வருமான வரியும் போகும். போனில் வரும் துண்டுகளில் அதைச் சொல்வதில்லை.

நாற்பது கோடி என்று வாயைப் பிளப்பதற்கு முன், ரூபா விழுந்த ஆண்டு அது என்பதையும் நினைக்க வேண்டும். அங்கே ஏலம் நடந்தபோது இங்கே நாங்கள் கியூஆர் காட்டிப் பங்கீட்டுப் பெற்றோல் அடித்துக்கொண்டிருந்தோம்.

விலையில ஏன் இத்தனை ஆறு? கணக்குப் பிழையோ?

கோயில் திருவிழாவில் ஒரு மாம்பழம் லட்சக்கணக்கில் ஏலம் போகிறதல்லவா, அந்த மாதிரித்தான் இது. பழத்தின் ருசிக்கும் விலைக்கும் அங்கே தொடர்பில்லை. கேட்கிறவர் ஆர், ஆர் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்பதுதான் பேச்சு. வாங்கியவர் டானி வாலிஸ், மெல்பேர்ணின் தகவல் தொழில்நுட்ப வணிகர். இந்த நிகழ்ச்சியின் வீடுகளை வாங்குவது அவருக்கு வழக்கம். 2020 இல் பிரைட்டன் சீசனில் வென்ற வீட்டையும் அவர்தான் வாங்கினார்.

அதற்கு முந்தின ஆண்டு, 2021 இலும் வென்ற வீடு 4,044,444.44 டொலருக்குத்தான் போனது. ஆக இது ஒரு நாள் விளையாட்டல்ல. தொலைக்காட்சியில் பேசப்படுகிற விலை வாங்குபவருக்கும் விளம்பரம்தான்.

ஞாயிறு ஞாயிறு மார்க் கூட எடுத்தால் வெல்லேலாதோ? அப்ப நடுவர் என்னத்துக்கு?

2022 இல் ஷெய்னா பிளேஸ், நீல் விற்றக்கர், டரன் பாமர் மூவரும் நடுவர்கள். ஆளுக்குப் பத்து, மொத்தம் முப்பது. அந்தக் கிழமை வென்ற சோடிக்கு 10,000 டொலர் கிடைக்கும், அதைத் திரும்ப வீட்டிலேயே போடலாம். அவ்வளவுதான் மார்க்கின் பலன். ஏல நாளில் யாரும் மார்க் புத்தகத்தைத் திறப்பதில்லை.

நடுவர்களின் பேச்சு வேறு விதத்தில் பயன்படும். ஒரு அறையில் என்ன பிழை என்று அவர்கள் சொல்வதை நான் கவனமாகக் கேட்பேன்: கட்டிலுக்கும் அலுமாரிக்கும் இடையில் நடக்க இடமில்லை, முகம் கழுவும் இடத்தில் வெளிச்சம் பின்பக்கத்தால் வருகிறது, அலுமாரிக் கதவு திறந்தால் வாசல் கதவில் முட்டுகிறது. பிளான் கீறுகிறவருக்கு இலவச வகுப்பு.

ஒருத்தருக்கு நாப்பது கோடி, ரெண்டு வீடு விலைப்படவே இல்லையாம். பக்கத்துப் பக்கத்து வீடுதானே, எப்படி?

ஐந்தில் மூன்றுதான் ஏலத்தில் போயின. ரேச்சல்–ரையன் வீடு கீழ்விலைக்கு மேல் 169,000 டொலர். ரொம்–சாரா ஜேன் வீடு 20,000 டொலரும் சில்லறையும். டிலன்–ஜெனி, ஷரன்–அங்கூர் சோடிகளின் வீடுகள் கீழ்விலையைத் தொடவே இல்லை. இலாபத்தில் முதலாமவருக்கும் மூன்றாமவருக்கும் இடையில் கிட்டத்தட்ட எண்பது மடங்கு. வேலையில் எண்பது மடங்கு வித்தியாசம் இருந்ததென்று அந்த வீடுகளைப் பார்த்த யாரும் சொல்ல மாட்டார்கள்.

காரணத்தை வீட்டுக்கு வெளியே தேட வேண்டும். 2022 மே தொடங்கும்போது அவுஸ்திரேலிய மத்திய வங்கியின் வட்டி 0.10 வீதம். நவம்பர் முதலாம் திகதி அது 2.85 வீதம். ஏழு மாதம் தொடர்ந்து ஏற்றினார்கள். கடன் எடுத்து வாங்க இருந்தவர்கள் பின்வாங்கிவிட்டார்கள். அந்த நிலையில் நகரத்திலிருந்து தள்ளி, 160 பரப்போடு, நாலு மில்லியனுக்கு மேல் ஐந்து வீடுகளை ஒரே நாளில் சந்தைக்கு விட்டால் வாங்க எத்தனை பேர் இருப்பார்கள்? கையில் காசோடு வந்த ஒருசிலர்தான். அவர்கள் எந்த வீட்டில் மோதிக்கொண்டார்களோ அந்த வீடு வென்றது.

விலைப்படாட்டி அந்தச் சோடி வெறுங்கையோடையோ வீட்டை போறது?

அன்றைக்கு வெறுங்கைதான். ஆனால் ஏலத்தில் போகாத வீட்டைப் பிறகு தரகர் மூலம் பேசி விற்கலாம். விக்டோரியா மாநில வழக்கப்படி, ஏலத்தில் கடைசியாகக் கூடக் கேட்டவருடன்தான் முதலில் பேசுவார்கள்.

இதைவிட மோசமான ஆண்டும் உண்டு. 2011 இல் ரிச்மண்ட் பகுதியில் நாலு வீடுகள். ஏலத்தில் ஒன்றே ஒன்றுதான் போனது, அதுவும் கீழ்விலைக்கு மேல் 15,000 டொலருக்கு. பொலி, வாஸ் என்ற அந்தச் சோடி அதோடு வென்றுவிட்டது. மற்ற மூன்றும் அன்றைக்கு அப்படியே நின்றன.

ஒரு சோடி ரெண்டு நாளில ஓடிட்டினமாமே?

ஓம். எல் பெர்கசன், முன்னாள் 'அவுஸ்திரேலிய ரூல்ஸ்' உதைபந்தாட்ட வீரர் ஜோயல் பற்ஃபுல் என்ற பிரபலச் சோடி. தொடங்கி இரண்டொரு நாளில் போய்விட்டார்கள். குடும்பத்தில் சுகவீனம் என்று காரணம் சொல்லப்பட்டது. தொகுப்பாளருக்கு வந்த கோபம் பல நாள் பேச்சாக இருந்தது. அவர்கள் இடத்துக்கு வந்தவர்கள்தான் மேலே சொன்ன ரேச்சலும் ரையனும். பிந்தி வந்து இரண்டாம் இடம்!

அந்த இந்தியப் பிள்ளை ஷரன் நல்லாத்தானே செய்தவ? ஏன் எல்லாரும் திட்டினவை?

ஷரன் ஜோஹல் நடிகை, சட்டத்தரணியும்கூட, பஞ்சாபிக் குடும்பம். எங்கள் ஆட்கள் அவர் பக்கம் சாய்வது இயல்பு. தொகுத்து ஒளிபரப்பியதில் தங்களைச் சரியாகக் காட்டவில்லை என்று அவர் பிறகு வெளிப்படையாகச் சொன்னார். மாதக்கணக்கில் எடுத்ததை ஒரு மணித்தியாலத் துண்டுகளாக்கும்போது யார் அழுதது இருக்கும், யார் சிரித்தது போகும் என்பது வெட்டுகிறவர் கையில். உங்கள் குடும்பத்துக் கலியாண வீடியோவையே யோசித்துப் பாருங்கள்.

அவை ஒரு கிழமையில ரொய்லெட் முடிக்கினம். எங்கட மேசன் மூண்டு மாசமா இழுக்கிறார். நீங்கள் கொஞ்சம் கதைச்சுப் பாருங்கோவன்.

இந்தக் கேள்விக்காகவே இந்தப் பக்கத்தை எழுதத் தொடங்கினேன். மேசனைத் திட்ட முன் சுவரைப் பாருங்கள். அங்கே சுவர் என்பது பெரும்பாலும் மரச்சட்டம், அதன் இரு பக்கமும் ஜிப்சம் பலகை. தண்ணீர்க் குழாயும் வயரும் இடைவெளிக்குள் போகும். பலகை அடித்து, பொருத்தை மூடி, அடுத்த நாள் பெயின்ற் அடிக்கலாம். எங்களுடையது சீமெந்துக் கல் சுவர். கல் கட்ட வேண்டும், பிறகு வயருக்கும் குழாய்க்கும் சுவரை வெட்ட வேண்டும், பிறகு பூச வேண்டும், பூசியது காய வேண்டும். ஈரம் வற்றாத சுவரில் பெயின்ற் அடித்தால் அடுத்த மாரிக்குள் கொப்பளித்து உரியும். கொங்கிறீற் என்றால் குறைந்தது ஏழு நாள் தண்ணீர் விட வேண்டும். முழுப் பலம் வருவதற்கு 28 நாள் கணக்கு.

இன்னொன்று, அங்கே ஒரு அறைக்குள் ஒரே நேரத்தில் பத்துப் பேர் நிற்பார்கள். ஒருவர் ரைல்ஸ் பதிக்க, ஒருவர் கதவு மாட்ட, இரவிலும் வேலை. இங்கே ஒரு மேசனும் ஒரு கையாளும். அவர்களுக்கும் வேறு இரண்டு வீட்டு வேலை கையில் இருக்கும். 2022 இல் சீமெந்துப் பை 3,000 ரூபாவைத் தாண்டிப் போய், காசு இருந்தும் பை கிடைக்காத நாட்களில், மேசன் எங்கே போய் நிற்பார்?

மூன்று மாதம் கூடத்தான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் ரொய்லெட் நிலத்துக்கு நீர்க்கசிவுத் தடுப்புப் பூச்சுப் போட்டாரா, போட்டபின் தண்ணீர் கட்டி ஒரு நாள் விட்டுப் பார்த்தாரா என்று கேளுங்கள். 'இல்லை' என்றால் அப்போது கோபப்படுங்கள்.

இந்தப் படத்தில உள்ள குசினி மாதிரியே எனக்கும் வேணும். நடுவில மேசையோட.

போனை வாங்கிப் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். நீண்ட வெள்ளைக் கல் மேசை, மூன்று உயரக் கதிரை, ஒரு கிண்ணத்தில் எலுமிச்சம்பழம். காஸ் சிலிண்டர் இல்லை, அம்மி இல்லை, திருவலை இல்லை, பாத்திரம் கவிழ்த்து வைக்க இடமில்லை. நடுவர்கள் வருகிற நாளுக்காக அடுக்கிய குசினி அது. அதில் யாரும் மீன் பொரித்ததில்லை.

நடு மேசை வைத்தால் அதைச் சுற்றிவர மூன்றரை அடியாவது வேண்டும். பத்துக்குப் பன்னிரண்டு அடிக் குசினியில் வைத்தால் ஆள் பக்கவாட்டில்தான் போகலாம். இடம் இருந்தாலும் வரவேற்பறையோடு திறந்த குசினியை நான் அவ்வளவாகச் சொல்வதில்லை. தாளித்த மணம் சோபாவில் ஏறினால் இறங்காது. இரண்டு பேருக்கும் சம்மதமாக வரும் ஏற்பாடு: உள்ளே அழகுக்கு ஒரு சின்னக் குசினி, பின் விறாந்தையில் உண்மையான சமையல். அங்கேயும் பெரிய வீடுகளில் பெரிய குசினிக்குப் பின்னால் ஒரு ஒதுக்குக் குசினி வைக்கிறார்கள். படத்தில் அது வருவதில்லை.

அம்மாவின்ர நாற்சார் வீடு கிடக்கு. அவை செய்யுற மாதிரி உடைச்சுப் புதுசாக்கலாமோ?

ஆக்கலாம், ஆனால் சுத்தியலை எடுக்க முன் சுவர் எதால் கட்டியது என்று பாருங்கள். பழைய நாற்சார் வீடுகளில் பல சுண்ணாம்புக் கல்லும் சுண்ணாம்புச் சாந்தும். இந்தச் சுவர் நிலத்து ஈரத்தை இழுக்கும், வெளியே விடவும் செய்யும். அதன்மேல் இறுக்கமாகச் சீமெந்துப் பூச்சுப் போட்டால் ஈரம் வெளியேற வழியில்லை. உள்ளே உப்பு சேர்ந்து இரண்டு மூன்று ஆண்டில் பூச்சுப் பாளம் பாளமாக விழும். 'மேசன் ஏமாற்றிவிட்டார்' என்று வருகிறவர்களில் பலரின் கதை இதுதான். சுண்ணாம்புச் சுவருக்குச் சுண்ணாம்புப் பூச்சு. கிடைப்பது கரைச்சல், ஆனால் கிடைக்கிறது.

நடு முற்றத்தைத் தகரம் போட்டு மூடி ஹோல் ஆக்குவதும் இப்போதைய நோய். காற்றும் வெளிச்சமும் அந்த முற்றத்தால்தான் வருகின்றன. மூடியபின் பகலிலும் லைற், இரவிலும் ஏசி. கூரையில் பனஞ்சலாகை நன்றாக இருந்தால் அதை விறகாக்காதீர்கள். வைரம் ஏறிய பனைக்கு ஈடான மரம் இன்றைக்கு என்ன விலை என்று தச்சரிடம் கேட்டுப் பாருங்கள்.

யாழ்ப்பாணத்தில இப்பிடி ஒரு போட்டி வைச்சு வீட்டை ஏலத்தில விட்டால் என்ன?

பார்க்க எனக்கும் ஆசைதான். ஆனால் சிக்கல் கட்டும்போது வராது, உறுதி எழுதும்போது வரும். ஐந்து பழைய வீடு தேடினால் நாலில் பங்காளிகள் கனடாவிலும் இலண்டனிலும் இருப்பார்கள். யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமைக்கு உட்பட்டவர்கள் பிரிக்கப்படாத பங்கை வெளியாருக்கு விற்பதற்கு முன் கூட்டுப் பங்காளிகளுக்கும் உரித்தாளிகளுக்கும் அறிவிக்க வேண்டும்; அவர்களுக்கு முதல் வாங்கும் உரிமை உண்டு. 1947 இன் சட்டம் இதைச் சொல்கிறது. சீதன வீடு மனைவி பேரில் என்றாலும் விற்கக் கணவரின் எழுத்துச் சம்மதம் வேண்டும். ஏலக்காரர் சுத்தியல் அடித்த பிறகு ரொரன்ரோவிலிருந்து ஒரு மச்சான் அழைப்பு எடுத்தால் நிகழ்ச்சி அதோடு சரி.

வாங்குபவர் பக்கமும் அப்படித்தான். வெளிநாட்டுக் குடியுரிமை மட்டும் உள்ளவர் இங்கே காணி விலைக்கு வாங்குவதை 2014 இன் சட்டம் பொதுவாகத் தடுக்கிறது. இரட்டைக் குடியுரிமை இருந்தால் பிரச்சினை இல்லை. டானி வாலிஸ் கொக்குவிலில் வீடு கேட்க முடியாது.

அதுக்குப் பிறகு வந்த சீசன்கள்ல இதைவிட விலை போனதோ?

விலை போகவில்லை, இலாபம் போனது. 2023 இல் ஹம்ப்ரன் ஈஸ்ற் பகுதியில் ஸ்டெஃப், ஜியான் சோடியின் வீடு 5 மில்லியனுக்கு விற்று 1.65 மில்லியன் இலாபம். 2024 இல் பிலிப் தீவில் இன்னும் வேடிக்கை: ஐந்து வீட்டையும் ஏட்ரியன் போர்டெலி என்ற ஒரே ஆள் மொத்தம் 15.03 மில்லியனுக்கு வாங்கினார். வென்றவர்கள் மடி, ஷார்லட் என்ற சகோதரிகள். இடையில் விலகிய ஒரு சோடிக்குப் பதிலாக வந்தவர்கள். 2022 இல் ரேச்சலும் ரையனும் தவறவிட்டதை இவர்கள் பிடித்துவிட்டார்கள்.

என்ர மகன் மெல்பேர்ணில வீடு வாங்கப் போறான். இதைப் பார்த்திட்டு ஏலத்துக்குப் போறன் எண்டு நிக்கிறான். விடலாமோ?

விடலாம், நிகழ்ச்சி காட்டாததைத் தெரிந்துகொண்டு போகட்டும். விக்டோரியாவில் சாதாரணமாகப் பேசி வாங்கினால், கையெழுத்திட்டபின் மனம் மாற மூன்று வேலை நாள் உண்டு. ஏலத்தில் அது கிடையாது. சுத்தியல் விழுந்தால் அன்றைக்கே கையெழுத்து, வழக்கமாகப் பத்து வீதம் முற்பணம். ஆகவே கட்டடப் பரிசோதனை, சட்டத்தரணி பத்திரம் பார்ப்பது, வங்கியின் கடன் அனுமதி எல்லாம் ஏலத்துக்கு முன் முடிந்திருக்க வேண்டும்.

விற்பவர் சார்பில் ஏலக்காரர் விலை கேட்கலாம், ஆனால் அது விற்பவர் பக்கக் கேள்வி என்று அந்த இடத்திலேயே அறிவிக்க வேண்டும். கூட்டத்துக்குள் பொய் ஆளை நிறுத்திக் கேட்பிப்பது குற்றம். தன் உச்ச விலையை வீட்டிலிருந்தே ஒரு கடுதாசியில் எழுதிச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போகச் சொல்லுங்கள். மருமகளையும் கூட்டிக்கொண்டு போகட்டும், அவ கணக்கில் கெட்டி என்று நீங்கள்தானே சொன்னீர்கள்.